நல்ல பிரிண்ட்

படத்தை ஓட்டிப் பார்க்காமலே அது எப்படிப்பட்ட பிரிண்ட் என்று ராஜகோபால் சொல்லிவிடுவார். பேரைப் பார்த்தால் போதும். சி.டி.யின் மேல் கறுப்பு மார்க்கரால் அவர் எழுதித் தருகிற பேர் வட்டம் சுற்றி வரும். முதலில் படத்தின் பேர், அடுத்து வருஷம், அடுத்து அது எதிலிருந்து எடுக்கப்பட்டது, எத்தனை சி.டி., சத்தம் என்ன ரகம், கடைசியில் புள்ளி வைத்து மூன்று எழுத்து.

"நம்ம ஆபீஸ் ஃபைல் நம்பர் மாதிரிதான் ஓய்," என்பார் தர்மனிடம். "திறக்கவே வேண்டாம். நெத்தியில எழுதியிருக்கு."

இருவருக்கும் அமைச்சகத்தில் பழைய கோப்புகள் அடுக்கியிருக்கும் அறையில் எதிரெதிர் மேஜை. ராஜகோபால் கும்பகோணத்துக்காரர். தர்மனுக்கு அம்பாசமுத்திரம் பக்கம். பதினேழு வருஷமாக அவர்கள் பார்த்த வேலை, கட்டைப் பிரிக்காமலே மேலே உள்ள எண்ணைப் படித்து, இது எந்தப் பிரிவு, எந்த வருஷம், வைத்திருக்க வேண்டியதா, எரிக்க வேண்டியதா என்று சொல்வது. பேரையும் எண்ணையும் நம்பியே தலை நரைத்தவர்கள்.

ராஜகோபாலின் மகன் நொய்டாவில் கம்ப்யூட்டர் கம்பெனியில் இருந்தான். அவன் இறக்கித் தரும் தமிழ்ப் படங்களை இவர் சி.டி.யில் ஏற்றி, என்ன பேரில் வந்ததோ அந்தப் பேரை ஒரு நோட்டுப் புத்தகத்திலும் எழுதி வைப்பார். வெள்ளிக்கிழமை தோறும் ஒரு சி.டி. தர்மனின் சாப்பாட்டுப் பைக்குள், காலி டப்பாவுக்கும் தினசரிக்கும் நடுவில் உட்கார்ந்து அவர் வீடிருக்கும் ஆர்.கே.புரத்துக்கு பஸ் ஏறும்.

தர்மனுக்கு இதில் மனசு உறுத்தாமல் இல்லை. காசு கொடுத்துத் தியேட்டரில் பார்க்க வேண்டியதை இப்படிப் பார்ப்பது தப்புதான். ஆனால் டில்லியில் தமிழ்ப் படம் எந்தத் தியேட்டரில் ஓடுகிறது? தமிழ்ச் சங்கத்தில் எப்போதாவது ஒன்று போடுவார்கள். அதுவும் இளவரசிக்கு வேலை ஒழியாத நாளாகப் பார்த்து வரும்.

இளவரசி அவர் மனைவி. நாற்பத்தைந்து வயது. அந்த செக்டரில் பாதி வீட்டுப் பெண்களின் ரவிக்கைக்கு ஹூக் கட்டுவதும், புடவைக்கு ஃபால் வைத்து ஓரம் அடிப்பதும் அவள்தான். கை நில்லாது. ஞாயிற்றுக்கிழமை காலையில் மலை மந்திர் போய் முருகனைக் கும்பிட்டுவிட்டு வந்து, சமையலை முடித்து, ரெண்டு மணிக்குப் பாயை விரித்து டி.வி.க்கு நேராக உட்கார்வாள். மடியில் துணி, வாயில் நூல், கண் பாதி படத்தில், பாதி ஊசியில். வாரம் முழுக்க அவள் தனக்கென்று எடுத்துக்கொள்வது அந்த இரண்டரை மணி நேரம்தான். அதையும் ஓரம் அடித்துக்கொண்டேதான் எடுத்துக்கொள்வாள்.

ஆடி மாதம் வந்த ஒரு சி.டி.யில்தான் அது ஆரம்பித்தது.

"என்னங்க இது, ஒரே மூட்டமா இருக்கு?" என்றாள்.

படம் உண்மையிலேயே மூட்டமாகத்தான் இருந்தது. திரை கோணலாக நின்றது. முன்வரிசைத் தலைகள் கீழ் ஓரத்தில் கறுப்பாக வரிசை கட்டியிருந்தன. பாட்டு வந்ததும் விசில் காதைக் கிழித்தது. எவனோ ஒருவன் படம் முழுக்க இருமிக்கொண்டே இருந்தான். நடுவில் ஒரு பெண்பிள்ளையின் குரல், "ஏல, கீழ உக்காருல, பின்னால இருக்கவுகளுக்கு மறைக்குல்லா?" என்று யாரையோ அதட்டியது.

இளவரசி துணியைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்தாள். "ஏங்க, நம்ம பக்கத்துக்காரியால்லா இருக்கா! எந்தத் தியேட்டர்ல எடுத்தானுவளோ?"

"அரே யார், அந்த இருமுறவனுக்கு யாராச்சும் ஒரு விக்ஸ் மிட்டாய் குடுங்களேன்," என்றாள் மகள். தமிழ்ச்செல்வி என்று ஆசையாகப் பேர் வைத்தார்கள். பிறந்தது, படித்தது எல்லாம் டில்லி. காலேஜில் ரெண்டாம் வருஷம். ஹிந்தி கலந்து தமிழ் பேசுவாள், எழுத்துக் கூட்டித்தான் படிப்பாள். வீட்டில் தமிழு.

திங்கட்கிழமை தர்மன் ராஜகோபாலிடம் சொன்னார். அவர் வருத்தப்படவில்லை.

"நான்தான் எழுதியிருக்கேனே, கேம்னு. பேர்ல கேம் இருந்தா, ஒருத்தன் தியேட்டர்ல உக்காந்து மடியில கேமராவை வெச்சிண்டு பிடிச்சதுன்னு அர்த்தம். இருக்கறதுலயே மட்டம் அதுதான். இருமல், தும்மல், குழந்தை அழறது, எல்லாம் இலவசம். அடுத்த தடவை டி.எஸ். தரேன்."

"அது என்ன சார்?"

"படம் அதே கேமராதான். ஆனா சத்தத்தை மட்டும் தனியா வயர் போட்டு எடுத்திருப்பான். ஜனங்க சத்தம் வராது. சுத்தமா இருக்கும்."

டி.எஸ். வந்தது. சத்தம் சுத்தமாக இருந்தது. ஆனாலும் இளவரசி, "மூஞ்சியே தெரியலையே" என்றாள். ராஜகோபால் தலையை ஆட்டினார். "படம் கேமராதான்னு சொன்னேனே" என்றார். ஐப்பசியில் டி.வி.டி. ஸ்க்ரீனர் வந்தது. படம் வெளிவரும் முன்னே பெரிய மனிதர்கள் பார்ப்பதற்காகக் கொடுக்கிற காப்பி, நடுவில் அவ்வப்போது எழுத்து ஓடும் என்றார். இளவரசி பார்த்துவிட்டு, "எழுத்தா? சிலந்திக்கூடு மாதிரில்லா என்னமோ ஓடுது" என்றாள். தர்மன் அதை அப்படியே கொண்டுபோய்ச் சொன்னார்.

"ஒரே சி.டி.யில அமுக்கினதோன்னோ, அதான்," என்றார் ராஜகோபால். "ரெண்டரை மணி நேரத்தை எழுநூறு எம்.பி.க்குள்ள திணிச்சா கட்டம் கட்டமா உடையும். உம்ம ஆத்துக்காரிக்கு நல்ல கண் ஓய். எங்காத்துல எதைப் போட்டாலும் பாத்துண்டு தூங்கிடுவா."

வீட்டில் போய் இதையும் சொன்னார். "ராஜகோபால் சார் ஒனக்கு நல்ல கண்ணுங்காரு." அவள் வெட்கப்பட்டுச் சிரித்தாள்.

பனிக்காலம் வந்தது. அந்த வருஷம் டில்லியில் மார்கழிப் பனி கொஞ்சநஞ்சமில்லை. காலை எட்டு மணிக்கு எதிர் குவார்ட்டர்ஸ் தெரியாது. பஸ் கண்டக்டர் வாசலில் தொங்கியபடி வண்டியைத் தட்டித் தட்டி வழி சொல்லிக்கொண்டு வருவான். மலை மந்திரின் படியில் இளவரசி ஒரு படியைத் தவறவிட்டு முட்டியைச் சிராய்த்துக்கொண்டாள். பனி என்றார்கள். சாயந்தரம் டம்ளருக்குப் பக்கத்தில் டீயை ஊற்றினாள். வோல்டேஜ் கம்மி, பல்பு மங்கல் என்றார்கள். சோற்றில் ரெண்டு நாள் கல் கடிபட்டது. ஐ.என்.ஏ. மார்க்கெட் கடைக்காரன் அரிசியை மாற்றிவிட்டான் என்று தர்மனே போய்ச் சண்டை போட்டு வேறு அரிசி வாங்கி வந்தார். அந்த மனுஷனும் மறுபேச்சுப் பேசாமல் மாற்றிக் கொடுத்தான்.

பழைய மட்டமான சி.டி.க்களை நூலில் கோத்து பால்கனியில் தொங்கவிட்டிருந்தார்கள். வெயிலில் பளபளத்துச் சுழன்றால் புறா வராது. வற்றல் காயப்போட்டால் பத்திரமாக இருக்கும். ஆடி மாத இருமல்காரன் படமும் அங்கேதான் தொங்கியது. பனியில் வெயிலும் இல்லை, பளபளப்பும் இல்லை. புறாக்கள் அதன் மேலேயே உரசிக்கொண்டு உட்கார்ந்திருந்தன.

பொங்கல் முடிந்த வெள்ளிக்கிழமை, ராஜகோபால் இரண்டு சி.டி.க்களைப் பழைய ஆபீஸ் உறையில் போட்டு, கொட்டையாகப் பேர் எழுதி இரண்டு கையாலும் நீட்டினார்.

"படிச்சுப் பாரும்."

தர்மன் படித்தார். இந்த ஆறு மாதத்தில் அவருக்கும் பழகிவிட்டிருந்தது. "டி.வி.டி. ரிப். ரெண்டு சி.டி. சத்தம் ஏசி த்ரீ."

"கடையில விக்கற ஒரிஜினல் டி.வி.டி.லேர்ந்து நேரா எடுத்தது. அமுக்கலை, ரெண்டு சி.டி.யில தாராளமா விட்டிருக்கான். இதுக்கு மேல ஒரு பிரிண்ட் உலகத்துல கிடையாது. இதையும் அந்தம்மா மூட்டம்னு சொன்னா நான் இந்த நோட்டைக் கிழிச்சுப் போட்டுடறேன்."

ஞாயிற்றுக்கிழமை ரெண்டு மணி. பனி விலகி வெயில் அடித்தது. புளிக்குழம்பும் அவரைக்காய்ப் பொரியலும் சாப்பிட்டு முடித்திருந்தார்கள். தமிழு படத்தைப் போட்டாள். முதல் காட்சியிலேயே தர்மன் அசந்துபோனார். கதாநாயகியின் மூக்குத்தியில் எத்தனை கல் என்று எண்ணலாம். மரத்தில் இலை இலையாகத் தெரிந்தது.

"வாவ் அப்பா, க்ரிஸ்டல் க்ளியர்," என்றாள் தமிழு.

இளவரசி கழுத்தை ஒரு பக்கமாகச் சாய்த்துப் பார்த்தாள். பிறகு இந்தப் பக்கம். புடவைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தாள். பாயோடு நகர்ந்து டி.வி.க்கு ஒரு முழம் கிட்டத்தில் போய் உட்கார்ந்தாள்.

"என்னளா?"

"ஒண்ணுமில்ல." அப்புறம் தப்புச் செய்தவள் போலச் சொன்னாள். "ஏங்க, கோவிச்சுக்காதிய. ராஜகோபால் சார்ட்ட சொல்லாண்டாம். இதுவும் அந்தப் பழைய பிரிண்ட் மாதிரிதான் இருக்கு. நடுவுல கறுப்பா மை கொட்டுனாப்ல."

தமிழு சிரித்தாள். "அம்மா, மஸாக் பண்ணாத, சும்மா வெளையாடாத. எவ்ளோ சாஃப்பா, க்ளியரா இருக்கு!"

தர்மன் சிரிக்கவில்லை. திரையில் மூக்குத்தி பளீரென்று இருந்தது. கையிலிருந்த உறையைப் பார்த்தார். இதற்கு மேல் ஒரு பிரிண்ட் உலகத்தில் கிடையாது.

எழுந்து போய் அவள் எதிரில் முட்டி போட்டு உட்கார்ந்தார். உள்ளங்கையால் அவளுடைய வலது கண்ணை மூடினார்.

"இப்ப பாரு. என்ன தெரியுது?"

"என்ன வெளயாட்டு இது, வயசுப்பிள்ளய வச்சுக்கிட்டு..."

"சொல்லு இளவரசி. டி.வி. தெரியுதா?"

அவள் கண் அவர் முகத்துக்கும் அப்பால் எங்கோ நின்றது. "லைட்டை எதுக்கு அமத்துனிய?" என்றாள்.

தமிழு ரிமோட்டைத் தேடிப் படத்தை நிறுத்தினாள். வெளியே பழைய பேப்பர்க்காரன் கூவிக்கொண்டு போனான்.

மறுநாள் விடியும் முன்னே கண்ணாஸ்பத்திரி வரிசையில் நின்றார்கள். சர்க்கரை பார்த்தார்கள், சொட்டு மருந்து விட்டார்கள், மறுபடி சொட்டு மருந்து விட்டார்கள். இளவரசிக்குப் பன்னிரண்டு வருஷமாகச் சர்க்கரை உண்டு. மாத்திரை தீர்ந்தால் ஒரு வாரம் சும்மா இருப்பாள். மலை மந்திரின் சர்க்கரைப் பொங்கலை மட்டும் வேண்டாம் என்று சொல்லமாட்டாள், பிரசாதம் என்பாள். பக்கத்தில் மூடிய கண்களோடு நீளமாக ஜனங்கள் உட்கார்ந்திருந்தார்கள். கம்பளி, மருந்து, வேர்க்கடலைத் தொலி எல்லாம் கலந்த வாசனை.

டாக்டர் ஒரு பஞ்சாபிப் பெண். நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு இரண்டு கண்ணுக்குள்ளும் வெகு நேரம் பார்த்தாள். விளக்கைக் கழற்றிவிட்டு, எப்போதிருந்து என்று ஹிந்தியில் கேட்டாள்.

"ஜூலை ஸே," என்றார் தர்மன்.

"ஜூலை?" டாக்டரின் பேனா நின்றது. "தோ அப் தக் க்யா கர் ரஹே தே?"

இதுவரை என்ன செய்துகொண்டிருந்தீர்கள்? தர்மனுக்கு ஹிந்தி நன்றாகத் தெரியும். இருபத்திரண்டு வருஷ டில்லி. இருந்தும் மகளைத் திரும்பிப் பார்த்தார். தமிழுதான் தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள், படத்தின் பிரிண்ட் சரியில்லை என்று நினைத்தோம் என்று.

டாக்டருக்கு முதலில் விளங்கவில்லை. மறுபடி கேட்டாள். தமிழு மறுபடி சொன்னாள். சி.டி., தமிழ்ப் படம், ஒவ்வொரு தடவையும் இன்னும் நல்ல பிரிண்ட். சொல்லச் சொல்லக் குரல் உடைந்தது. வரிசையில் ஐம்பது பேர் காத்திருந்தார்கள். திட்டியிருக்கலாம். அந்த டாக்டர் திட்டவில்லை. எழுந்து வந்து, இளவரசியின் கையைப் பிடித்து, வெளிச்சம் கண்ணில் குத்தாத பக்கமாக ஸ்டூலைத் திருப்பி உட்காரவைத்தாள். பிறகு மெதுவாகச் சொன்னாள். சர்க்கரையால் கண்ணுக்குள் நரம்பு வெடித்து ரத்தம் கசிந்திருக்கிறது. இடது கண்ணில் உள்திரை இழுபட்டுப் பிய்ந்துவிட்டது. அதில் இனி செய்வதற்கு ஒன்றுமில்லை. வலது கண்ணில் லேசர் வைக்கலாம். போனது வராது. இருப்பது நின்றால் நிற்கும். ஆறு மாதம் முன்னால் வந்திருந்தால்... அந்த வாக்கியத்தை அவள் முடிக்கவில்லை. அதுவும் ஒரு இரக்கம்தான் என்று தர்மனுக்குப் பட்டது.

"என்ன சொல்லுதாவ?" என்று கேட்டாள் இளவரசி. ஹிந்தி வேகமாகப் பேசினால் அவளுக்குப் பிடிபடாது.

"லேசர் வைக்கணுமாம்," என்றார்.

"வச்சா சரியாயிருமா?"

"முருகன் இருக்கான்ளா."

இருபத்திரண்டு வருஷத்தில் அவள் கேட்டதற்கு நேராகப் பதில் சொல்லாமல் முருகனைக் காட்டியது அதுதான் முதல் தடவை.

மூன்று தடவை லேசர் வைத்தார்கள். மாசி பிறந்து பனி போய்விட்டது. செக்டர் முழுக்க இலவ மரங்கள் இலையில்லாமல் சிவப்புப் பூவாகப் பூத்து, ரோட்டில் சதக் சதக் என்று விழுந்து நசுங்கின. இளவரசிக்கு ஜன்னல் எது, சுவர் எது என்று தெரியும். ஆள் வந்தால் நிழல் அசைவது தெரியும். அவ்வளவுதான் நின்றது.

மேல் வீட்டு லதா ஒரு நாள் வந்தாள். இளவரசியிடம் ரவிக்கைக்கு ஹூக் கட்டக் கொடுக்கிறவள். வந்தவள் வாசல்படியிலேயே நின்று அழுதாள்.

"அக்கா, தீபாவளி ரவிக்கையிலயே ஹூக் எல்லாம் மாறி இருந்துது. ஓரம் கோணலா போயிருந்துது. சொன்னா உங்க மனசு கஷ்டப்படுமேன்னு நானே பிரிச்சு உக்காந்து தெச்சுண்டேன். மூணு ரவிக்கை. ஒரு வார்த்தை சொல்லியிருக்கப்படாதா நான்?"

"அட, அழாதிங்க லதா," என்றாள் இளவரசி, கையை நீட்டித் துழாவி அவள் தோளைப் பிடித்து. "எம் மேல உள்ள பிரியம்தான அது. கூலிய வேற முழுசா குடுத்திய!"

தமிழு சமையலறையில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அவள் புரட்டாசியிலிருந்து தினமும் காலேஜுக்குப் போகும் முன்னே பத்து ஊசியில் நூல் கோத்துத் தலையணையில் குத்தி வைத்துவிட்டுப் போகிறவள். அம்மா கேட்டாள், கோத்தாள். எதற்கு என்று கேட்டதில்லை. அன்றைக்கு அவள் சாப்பிடவில்லை.

தர்மன் செவ்வாய்க்கிழமை தனியாக மலை மந்திர் ஏறினார். அர்ச்சனைச் சீட்டில் பேர், நட்சத்திரம் எழுதிக் கொடுத்தார். இளவரசி, உத்திரட்டாதி. சந்நிதியில் அவ்வளவையும் ஒரே மூச்சில் சொல்லி முடித்துவிட்டார்கள். வேலனுக்கு அந்தப் பேரிலிருந்தே எல்லாம் தெரிந்திருக்கும். தனக்குத்தான் சி.டி.யின் மேல் எழுதியிருந்தது மட்டும் தெரிந்தது, பக்கத்தில் உட்கார்ந்திருந்தவளின் கண் தெரியவில்லை. படியில் உட்கார்ந்து, துண்டால் முகத்தை மூடிக்கொண்டார்.

வீட்டுக்கு வந்து விபூதியை அவள் நெற்றியில் இட்டபோது கேட்டேவிட்டார்.

"திருட்டுப் படம் பாத்தம்லா. அதுக்குத்தான் முருகன் இப்பிடிப் பண்ணிட்டானோ?"

"சும்ம கெடங்க. அவனுக்கு வேற சோலி இல்லையா? எடுத்தவன் டில்லியில கார்ல போறான், விக்கவன் கார்ல போறான், பாத்த எங்கண்ணையா புடுங்குவான்? சர்க்கரைய ஒழுங்கா பாக்காதது நானு." விபூதி கண்ணில் விழாமல் புருவத்தை ஊதிவிட்டுக்கொண்டாள். "நீங்க தூக்கிட்டுத் தூக்கிட்டுத்தான வந்திய. ஒவ்வொரு வாரமும். வேற எவன் பொண்டாட்டிக்கு இப்பிடித் தூக்கிட்டு வாரான்?"

அவருக்கு அதற்கு மேல் நிற்க முடியவில்லை. தண்ணீர் குடிக்கிற சாக்கில் உள்ளே போனார்.

ஞாயிற்றுக்கிழமைகளில் டி.வி. போடுவதையே நிறுத்தியிருந்தார்கள். யாரும் சொல்லிக்கொள்ளவில்லை, அதுவாக நின்றது. பங்குனி முதல் ஞாயிறு, ரெண்டு மணிக்கு, இளவரசி பாயை எடுத்து விரித்துக்கொண்டு கேட்டாள்.

"ஏன், டி.வி. போட மாட்டியளா? இழவு வீடு மாதிரில்லா கெடக்கு."

தமிழு அப்பாவைப் பார்த்தாள். வேறு படம் கைவசம் இல்லை. பாதியில் நின்ற அந்த டி.வி.டி. ரிப்பைத்தான் போட்டாள். இளவரசி பூண்டு உரித்துக்கொண்டே வசனத்தைக் கேட்டாள். தர்மன் பக்கத்தில் உட்கார்ந்து, இப்ப அவன் வாரான், இப்ப அவ கதவச் சாத்துறா என்று சொல்லிக்கொண்டு வந்தார். கால் மணி நேரத்தில் அவள் கையை ஆட்டினாள்.

"போதும், நிறுத்துங்க. பேச்சு நின்னுதுன்னா கெணத்துக்குள்ள உக்காந்தாப்ல இருக்கு. எங்க சிரிக்கணும்னுகூட வெளங்கல." கொஞ்சம் யோசித்தாள். "அந்த இருமல்காரன் படம் இருக்கா? ஒரு பொம்பள பயல அதட்டுவால்லா, அது. அதப் போடுங்க. நாலு சனம் இருந்தாப்ல இருக்கும்."

தர்மன் பால்கனிக்கு ஓடினார். நூல் இருந்தது. சி.டி.யும் இருந்தது. எட்டு மாத வெயிலும் மழையும் பனியும் பட்டு, ஒரு பக்கம் உரிந்து, புறா எச்சம் காய்ந்து கிடந்தது. ஈரத் துணியால் துடைத்தார். வேட்டியால் துடைத்தார். பிளேயரில் போட்டார். உள்ளே சுற்றிச் சுற்றி முனகிவிட்டு, 'நோ டிஸ்க்' என்று எழுத்துக் காட்டியது. வெளியே எடுத்து மறுபடி துடைத்தார். நான்கு தடவை.

"விடுங்க," என்றாள் இளவரசி. "அது என்ன பெரிய இது."

திங்கட்கிழமை ஆபீஸில் இதை எப்படி எடுப்பது என்று தர்மனுக்குத் தெரியவில்லை. இளவரசியின் கண் விஷயம் தெரிந்ததிலிருந்து ராஜகோபால் படத்தைப் பற்றிப் பேச்செடுப்பதே இல்லை. அந்த நோட்டு மேஜையிலிருந்து காணாமல் போயிருந்தது. டீ வந்தால் தர்மனுக்கு முதல் கப்பை நகர்த்திவிட்டு ஜன்னலைப் பார்ப்பார்.

"சார், அந்த ஆடி மாசம் ஒரு கேம் குடுத்தியளே. அது வேணுமாம் அவளுக்கு."

ராஜகோபால் நிமிர்ந்தார். "அந்தக் கண்றாவியா? எதுக்கு?"

தர்மன் சொன்னார். ராஜகோபால் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், போட்டார், மறுபடி கழற்றினார். "அவாளுக்கு நல்ல கண்ணுன்னு சொன்னேனே ஓய்," என்றார். "என் வாயால சொன்னேனே." சாயந்தரம் கிளம்பும்போது பீரோவின் அடித்தட்டிலிருந்து அந்த நோட்டை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு போனார்.

அடுத்த ஞாயிறு மதியம், ரெண்டு பஸ் மாறி, வியர்த்து விறுவிறுத்து அவரே குவார்ட்டர்ஸ் வாசலில் வந்து நின்றார். அவர்கள் வீட்டுக்கு அவர் வருவது அதுதான் முதல் தடவை.

"வாங்க சார், வாங்க," என்றாள் இளவரசி, குரல் வந்த பக்கம் கும்பிட்டு. "தமிழு, சாருக்குக் காப்பி போடு."

"காப்பி அப்புறம். முதல்ல இதைப் போடச் சொல்லுங்கோ." பையிலிருந்து சி.டி.யை எடுத்தார். "எம் பிள்ளைகிட்ட கேட்டேன். இப்போ இதே படம் பேஷா டி.வி.டி. ரிப் இருக்கேப்பா, எதுக்குக் குப்பையைத் தேடணும்கறான். அவன் டி.எஸ். ஒண்ணு எடுத்தான். அது வேண்டாம்னேன். அதுல சத்தம் தனியா எடுத்திருப்பான், ஜனங்க இருக்க மாட்டா. வேற கேம் ஒண்ணு காட்டினான். அதுவும் வேண்டாம், அது வேற ஊர், வேற கொட்டகைன்னுட்டேன். நோட்டுல எழுதி வெச்ச பேரைப் புள்ளி விடாம அப்படியே அடிக்கச் சொன்னேன். முழுப் பேரும் ஒத்துப்போனாத்தானே அதே காப்பி? நாலு நாள் ஆச்சு கிடைக்க. எவனோ ஒரு புண்ணியவான் இன்னும் அழிக்காம வெச்சிருந்தான். அப்பாவுக்குப் புத்தி பிசகிடுத்துன்னு ஆத்துல சொல்லிண்டிருக்கான்."

இளவரசி சிரித்தாள். அவர் சிரிக்க முயன்று, முடியாமல் நாற்காலி நுனியில் உட்கார்ந்தார்.

தமிழு சி.டி.யைப் போட்டாள். திரை கோணலாக வந்து நின்றது. அழுக்கு மஞ்சள் வெளிச்சம். கீழே தலைகள். யாரோ விசில் அடித்தான். நாற்காலிகள் மடங்கி விரிகிற சத்தம். அந்தச் சின்ன அறைக்குள் இருநூறு பேர் வந்து உட்கார்ந்தார்கள்.

எங்கோ வலது பக்கத்தில் ஒருவன் இருமினான்.

"அந்தா, வந்துட்டான்!" என்றாள் இளவரசி. பாயில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். மடியில் பூண்டுத் தட்டு. "இன்னுமா தீரல அவனுக்கு?"

ராஜகோபால் முகத்தை பால்கனிப் பக்கம் திருப்பிக்கொண்டார். நூலில் மீதி சி.டி.க்கள் வெயிலில் சுழன்றுகொண்டிருந்தன.

தர்மன் மனைவியின் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். படத்தில் காட்சி வந்தது. இன்னது நடக்கிறது என்று சொல்ல வாயெடுத்தார். அந்த நேரம் பார்த்துத் தியேட்டரில் முன்வரிசையிலிருந்து ஒரு ஆள் எழுந்தான். அவனுடைய கறுத்த முதுகு திரை முழுவதையும் அடைத்தது.

"என்ன சத்தத்தையே காணும்? என்ன நடக்குது?" என்றாள்.

"ஒரு பய எந்திரிச்சு நிக்கான்ளா. ஒண்ணும் தெரியல."

"நின்னுட்டுப் போகட்டும்," என்றாள் இளவரசி, அடுத்த பூண்டை விரலால் தேடி எடுத்துக்கொண்டே. "எனக்கு என்ன, மறைக்கவா போவுது?"